தொகுத்தவள் பெயர் என்ன?

ஒரு திரைப்படம் முடிந்ததும் நாம் யாரைப் பற்றிப் பேசுகிறோம்? முதலில் நடித்தவர்களைப் பற்றி. கொஞ்சம் விபரம் தெரிந்தவர்கள் என்றால் இயக்குநரைப் பற்றி. பாட்டு நன்றாக இருந்தால் இசையமைப்பாளரின் பெயரும் வாயில் வரும். ஆனால் அந்தப் படத்தின் காட்சிகளை வெட்டி, ஒட்டி, வரிசைப்படுத்தி, "இது போதும், இது வேண்டாம்" என்று தீர்மானித்த ஒருவர் இருக்கிறார். அவருடைய பெயரை நம்மில் எத்தனை பேர் கேட்டிருப்போம்?

2023 ஜனவரி 19ஆம் திகதி சுமித்ரா பீரிஸ் தமது 87ஆவது வயதில் காலமானார். சிங்களத் திரையுலகின் முன்னோடிப் பெண் இயக்குநர் என்றும், லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் மனைவி என்றும் அவர் நினைவுகூரப்படுகிறார். இரண்டும் உண்மை. ஆனால் அவர் தமது முதல் படத்தை இயக்கி வெளியிட்டது 1978இல். இலங்கைத் திரையுலகிற்குள் அவர் நுழைந்தது 1960இல். இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் பெரும்பாலும் தொகுப்பு மேசையில்தான் இருந்தார். அந்த ஆண்டுகளைப் பற்றித்தான் நான் எழுத விரும்புகிறேன். ஒரு பெண் செய்த வேலையின் பெயர் எப்படி மறைந்து போகிறது என்பதும், அது நம்மைப் போன்ற மாணவிகளுக்கு ஏன் முக்கியம் என்பதும் அந்த ஆண்டுகளுக்குள் இருக்கின்றன.

படத்தொகுப்பு என்றால் என்ன என்பதை முதலில் நமது ஊர்க் காட்சி ஒன்றை வைத்தே பார்ப்போம். குறிகட்டுவான் இறங்குதுறையில் மூன்று காட்சிகளைப் படம்பிடிக்கிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒன்று, கரையில் நிற்கும் ஒரு தாயின் முகம். இரண்டு, நயினாதீவுப் பக்கமிருந்து வரும் படகு. மூன்று, ஆளில்லாத கடல். தாயின் முகம், பிறகு படகு, மறுபடியும் தாயின் முகம் என்று அடுக்கினால், அவள் பிள்ளையை எதிர்பார்த்து நிற்கிறாள், பிள்ளை வந்துவிட்டது என்று நாம் மகிழ்வோம். படகு, பிறகு ஆளில்லாத கடல், கடைசியில் தாயின் முகம் என்று அடுக்கினால், யாரோ போய்விட்டார்கள் என்று மனம் கனக்கும். அந்தத் தாயின் முகம் இரண்டிலும் ஒன்றுதான். அவள் புதிதாக எதுவும் செய்யவில்லை. கதையை மாற்றியது வரிசை.

ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் என்பவர் சுமார் நூறு ஆண்டுகளுக்கு முன் இதைச் சோதித்துக் காட்டினார். ஒரே நடிகரின் அசைவற்ற முகத்தை எடுத்து, அதற்குப் பக்கத்தில் ஒரு முறை ஒரு கோப்பை சூப்பையும், இன்னொரு முறை சவப்பெட்டியையும் வைத்தார். பார்த்தவர்கள் முதலில் அந்த முகத்தில் பசியைக் கண்டார்கள். பிறகு துக்கத்தைக் கண்டார்கள். இன்றும் திரைப்படக் கல்வியில் இது ஆரம்பப் பாடம். ஆகவே தொகுப்பாளர் என்பவர் வேண்டாததைக் கத்தரித்து எறியும் ஆள் மட்டுமல்லர். பார்ப்பவர் எதை உணர வேண்டும் என்பதைத் தீர்மானிப்பவர்களில் அவரும் ஒருவர்.

சுமித்ரா இந்த வேலைக்கு வந்த வழி சற்று விசித்திரமானது. 1935இல் பிறந்த அவர் குணவர்தன குடும்பத்தைச் சேர்ந்தவர். இடதுசாரித் தலைவர் பிலிப் குணவர்தன அவருடைய சிறிய தந்தை முறையானவர். இளம் வயதிலேயே தாயை இழந்தவர். கொழும்பு விசாகா வித்தியாலயத்தில் படித்தார். இருபது வயதளவில் சகோதரரைத் தேடி ஐரோப்பாவுக்குப் போனார். பாரிஸில் இருந்தபோது லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸைச் சந்தித்தார். பிறகு லண்டன் சென்று அங்கிருந்த திரைப்படத் தொழில்நுட்பப் பள்ளியில் சேர்ந்தார். அவருடைய வகுப்பில் அவர் ஒருவரே பெண். படித்து முடித்துத் திரும்பியதும் லெஸ்டரின் 'சந்தேசய' (1960) படத்தில் உதவி இயக்குநராகப் பணியாற்றினார். லெஸ்டரை அவர் திருமணம் செய்தது 1964இல். அதாவது, அவர் மனைவியாகிப் பின்பு கணவரின் வேலையில் கை கொடுத்தவர் அல்லர். தொழிலைக் கற்று, தொழிலில் நின்று, அதன் பிறகே மணம் முடித்தவர். இந்த வரிசையைக் கவனியுங்கள். "லெஸ்டரின் மனைவி" என்று தொடங்கும் அறிமுகம் இந்த வரிசையைத்தான் மாற்றிவிடுகிறது. அதுவும் ஒரு வகை எடிட்டிங்தான்.

1963இல் லெஸ்டர் 'கம்பெரலிய' படத்தை எடுத்தார். மார்ட்டின் விக்கிரமசிங்கவின் புகழ்பெற்ற நாவல் அது. தென்னிலங்கைக் கிராமம் ஒன்றில் பழைய வளவுக் குடும்பம் ஒன்று மெல்ல மெல்ல நொடிந்து போவதையும், அந்த வீட்டு மகள் நந்தாவுக்கும் அவளுக்கு ஆங்கிலம் கற்பித்த பியல் என்ற இளைஞனுக்கும் இடையில் வெளியே சொல்ல முடியாதிருந்த விருப்பத்தையும் அந்தக் கதை சொல்கிறது. அந்தக் காலத்தில் சிங்களப் படம் என்றால் தென்னிந்தியப் பாணியில் ஆட்டமும் பாட்டும் சண்டையும் இருக்க வேண்டும் என்பது எழுதாத சட்டம். 'கம்பெரலிய' அந்தப் பாதையில் போகவில்லை. 1965இல் புதுடில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்க மயில் விருதைப் பெற்றது. இந்தப் படத்தைத் தொகுத்தவர் சுமித்ரா.

ஆட்டமும் பாட்டும் இல்லாத படத்தைத் தொகுப்பது இலகுவான வேலையா? யோசித்துப் பாருங்கள். பாட்டு இருந்தால் தாளத்துக்கு வெட்டலாம். சண்டை இருந்தால் அடிக்கு வெட்டலாம். ஒரு பெண் யன்னலருகில் பேசாமல் நிற்கும் காட்சியை எங்கே வெட்டுவது? ஒரு விநாடி முன்னால் வெட்டினால் அவளுடைய துயரம் நமக்குப் புரியாது. இரண்டு விநாடி பிந்தி வெட்டினால் சலிப்புத் தட்டும். மௌனத்தை எவ்வளவு நேரம் விடுவது என்பதற்கு எந்தக் கணக்கும் இல்லை. உணர்ந்துதான் தீர்மானிக்க வேண்டும். அந்தப் படத்தை மெதுவான படம் என்று சிலர் சொல்லக்கூடும். அந்த மெதுவை யாரோ ஒருவர் விநாடி விநாடியாக அளந்து வைத்திருக்கிறார் என்பதுதான் உண்மை.

அளப்பது என்று சொன்னதும் இன்றைய கைபேசியை நினைத்துவிடக் கூடாது. அன்று படம் என்பது பிலிம் சுருள். 35 மில்லிமீற்றர் பிலிமில் ஒரு விநாடிக்கு 24 சட்டங்கள் ஓடும். ஒரு நிமிடத்துக்கு 90 அடி. இரண்டு மணி நேரப் படம் என்றால் 10,800 அடி. இது இறுதியில் மிஞ்சுவது மட்டும். எடுத்தது அதைவிடப் பல மடங்காக இருக்கும். ஒலி வேறு சுருளில் இருக்கும். தொகுப்பாளர் சுருளை மேசையில் ஓட்டிப் பார்த்து, வெட்ட வேண்டிய சட்டத்தில் பென்சிலால் அடையாளமிட்டு, வெட்டி, அடுத்த துண்டோடு ஒட்டி, ஒலிச் சுருளையும் அதே அளவுக்குச் சரிசெய்து, மறுபடி ஓட்டிப் பார்க்க வேண்டும். பிடிக்கவில்லையென்றால் ஒட்டியதைப் பிரித்து மீண்டும் ஒட்ட வேண்டும். ஒதுக்கிய சிறு துண்டைக்கூட எறிய முடியாது. நாளை அது தேவைப்படலாம். எந்தத் துண்டு எங்கே தொங்குகிறது என்பது தலைக்குள் இருக்க வேண்டும். பொறுமையும் நினைவாற்றலும் இல்லாதவர் ஒரு வாரம்கூடத் தாக்குப்பிடிக்க முடியாத வேலை அது.

உலகம் முழுவதும் இந்த வேலையில் தொடக்க காலத்தில் பெண்கள் நிறையப் பேர் இருந்தார்கள். காரணம் பெருமைக்குரியதல்ல. பிலிமை வெட்டி ஒட்டுவது தையல் வேலையைப் போன்றது, பெண்களின் சிறு விரல்களுக்கு ஏற்றது, சம்பளமும் குறைவு என்று ஹொலிவூட் ஸ்டூடியோக்கள் நினைத்தன. பிறகு ஒலி வந்தது, தொழில் பெரிதானது, அது "தொழில்நுட்ப வேலை" என்று பெயர் மாறியது. பெயர் மாறியதும் ஆண்கள் அந்த நாற்காலிகளில் அமரத் தொடங்கினார்கள். அப்படியும் சிலர் நிலைத்து நின்றார்கள். 1915ஆம் ஆண்டளவில் வெட்டி ஒட்டும் பெண்ணாகச் சேர்ந்த மார்கரெட் பூத், பின்னர் எம்.ஜி.எம். ஸ்டூடியோவின் தொகுப்புப் பிரிவுக்கே தலைவியாகப் பல ஆண்டுகள் இருந்தார். தொகுப்புக்கான ஒஸ்கார் விருதை வென்ற முதற் பெண் ஆன் பௌக்கன்ஸ்; 1940இல் வெளிவந்த படத்துக்காக. சோவியத் ரஷ்யாவில் 'கெமராவுடன் ஒரு மனிதன்' (1929) என்ற படத்தை ஸீகா வேர்ட்டோவின் படம் என்று உலகம் கொண்டாடுகிறது. அதைத் தொகுத்தவர் அவருடைய மனைவி எலிஸவேட்டா ஸ்விலோவா. அவர் மேசையில் அமர்ந்து பிலிமைப் பார்த்துத் தெரிவு செய்வது அந்தப் படத்துக்குள்ளேயே காட்டப்படுகிறது. கண்ணுக்கு முன் காட்டிய பின்பும் அவருடைய பெயர் பலருக்கு மனத்தில் நிற்கவில்லை.

இந்தியாவிலும் ரேணு சலூஜா இருந்தார். பூனா திரைப்படக் கல்லூரியில் தொகுப்பைக் கற்று, 'ஜானே பீ தோ யாரோ' (1983), 'பரிந்தா' (1989) போன்ற படங்களைத் தொகுத்து, நான்கு முறை தேசிய விருது பெற்றவர். 2000ஆம் ஆண்டில் இளவயதிலேயே காலமானார். அந்தப் படங்களின் நடிகர்களை நமது வீடுகளில் எல்லோருக்கும் தெரியும். ரேணுவை யாருக்குத் தெரியும்?

இங்கே நான் ஒரு கருத்தோடு மாறுபட விரும்புகிறேன். ஊடகத்துறை பற்றிப் பேச்சு வரும்போது, நம் சமூகத்தில் நல்லெண்ணத்தோடு சொல்லப்படும் ஒரு சமாதானம் உண்டு. "பெண் பிள்ளைகள் கெமராவுக்கு முன்னால் நிற்க வேண்டியதில்லை. எடிட்டிங் படிக்கட்டும். முகம் தெரியாது, பெயர் தெரியாது, வீட்டுக்குள் இருந்தே செய்யலாம்." கேட்பதற்கு இது நமக்குச் சாதகமான வாதம் போலத்தான் இருக்கிறது. பல வாப்பாமாரை இந்த வாதத்தால் இணங்க வைக்கவும் முடியும். முகம் காட்ட விரும்பாத ஒரு பெண்ணுக்கு அந்த உரிமை இருக்கிறது. அதை நான் மதிக்கிறேன். ஆனால் பெயர் தெரியாமல் இருப்பதை ஒரு நன்மையாகச் சொல்வதை என்னால் ஏற்க முடியாது. ஹொலிவூட்டும் அதைத்தான் செய்தது. ஒளிந்திருக்கும் வேலை பெண்களுக்கு ஏற்றது என்று கொடுத்தது; ஒளிந்திருந்ததாலேயே சம்பளத்தையும் பெயரையும் குறைத்தது. ஒரு பெண் தொகுப்பாளராக வேண்டும் என்றால் அதற்குக் காரணம் அந்த வேலை அவளை மறைப்பதாக இருக்கக் கூடாது. அந்த வேலையில் தீர்மானிக்கும் பொறுப்பு இருக்கிறது, அந்தப் பொறுப்புக்கு அவள் தகுதியானவள் என்பதாக இருக்க வேண்டும். முகத்தை மறைப்பது அவள் விருப்பம். பெயரை மறைப்பது மற்றவர்கள் அவளுக்குச் செய்யும் அநீதி.

தீர்மானிக்கும் பொறுப்பு என்று சொல்வது வெறும் வார்த்தை அல்ல. நமது தீவுகளைப் பற்றி இணையத்தில் வரும் காணொளிகளைப் பாருங்கள். நெடுந்தீவு என்றால் குதிரைகள், பெருக்குமரம், கற்களை அடுக்கிக் கட்டிய வேலிகள். நயினாதீவு என்றால் கோயிலும் விகாரையும். அழகான காட்சிகள்தான், மறுக்கவில்லை. ஆனால் அதே நயினாதீவில் ஒரு பள்ளிவாசலும் இருக்கிறது. அதைச் சூழ்ந்து வாழ்ந்த மக்களும் இருக்கிறார்கள். கடல் கொந்தளித்தால் பாடசாலைக்கும் ஆஸ்பத்திரிக்கும் போக முடியாமல் தவிக்கும் குடும்பங்கள் இருக்கின்றன. அவை பல காணொளிகளில் இல்லை. யாரும் பகைமையால் விட்டிருக்க மாட்டார்கள். ஒரு நாள் வந்து படம்பிடித்துச் செல்பவர் பத்து நிமிடத்துக்குள் சுருக்கும்போது, தனக்குத் தெரியாததைத்தான் முதலில் வெட்டுவார். நம்மை அறிந்தவர் அந்த மேசையில் இல்லையென்றால், வெட்டப்படுவது பெரும்பாலும் நாமாகத்தான் இருக்கும்.

இன்னொன்றும் உண்டு. 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் தங்கள் ஊர்களை விட்டு வெளியேற்றப்பட்டார்கள். பெரும்பாலானவர்கள் புத்தளத்தில் அகதிகளாக வாழத் தொடங்கினார்கள். திரும்பி வந்தவர்களும் உண்டு, அங்கேயே வேர் விட்டவர்களும் உண்டு. அன்றைய நாளை அனுபவித்த மூத்தம்மாமாரும் அப்பாமாரும் இப்போது வயதாகிப் போனார்கள். பேரப்பிள்ளைகள் சிலர் அவர்களுடைய பேச்சைக் கைபேசியில் பதிவு செய்கிறார்கள். நல்ல காரியம். ஆனால் மூன்று மணி நேரப் பேச்சை யாரும் உட்கார்ந்து பார்க்கப் போவதில்லை. யாரோ அதைச் சுருக்கத்தான் வேண்டும்.

ஒரு மூத்தம்மா இப்படிச் சொல்கிறார் என்று வைத்துக்கொள்வோம்: "அக்கம்பக்கத்துச் சனங்களோட நாங்க ஒரு குடும்பம் மாதிரித்தான் இருந்தோம். அந்த ஒரு நாளை மட்டும் மவுத்தாகுற வரைக்கும் மறக்க ஏலாது." முதல் வசனத்தை மட்டும் வைத்து இரண்டாவதை வெட்டினால் எதுவுமே நடக்காதது போலாகிவிடும். இரண்டாவதை மட்டும் வைத்து முதலாவதை வெட்டினால் நம்மிடம் கசப்பைத் தவிர வேறெதுவும் இருந்ததில்லை என்றாகிவிடும். இரண்டும் அவர் வாயால் வந்த வார்த்தைகள்தான். எதை வெட்டினாலும் பொய் சேர்த்ததாக யாரும் குற்றம் சொல்ல முடியாது. ஆனாலும் உண்மை போய்விடும். இரண்டையும் ஒன்றாக வைக்கத் தெரிந்தவளிடம்தான் அந்தப் பேச்சை ஒப்படைக்கலாம். அது ஓர் அமானிதம். இதை மூன்று மாத மென்பொருள் வகுப்பு மட்டும் கற்றுத் தராது. மொழியும் வரலாறும் மனிதர்களைப் பற்றிய அறிவும் வேண்டும். உயர்தரத்தில் கலைப்பிரிவில் நாங்கள் படிப்பவை பயனற்றவை என்று நினைப்பவர்களுக்கு என்னுடைய பதில் இதுதான்.

பெற்றோரின் அச்சங்கள் எனக்கு விளங்காமல் இல்லை. முதலாவது, சினிமா என்றாலே வேண்டாத உலகம் என்ற எண்ணம். தொகுப்பு என்பது சினிமாவுக்கு மட்டும் உரியதன்று. செய்தி, விவரணப் படம், பாடசாலைப் பாடங்கள், நிறுவனங்களின் பயிற்சிக் காணொளிகள் எல்லாவற்றுக்கும் தொகுப்பாளர் வேண்டும். எதைத் தொகுப்பது, எதை மறுப்பது என்று தெரிவு செய்யும் உரிமையும் அவளிடம் உண்டு. இரண்டாவது, நிரந்தர வருமானம். இதில் பெற்றோர் சொல்வது நியாயம். தனித்து இந்த வேலையைச் செய்பவருக்கு ஓய்வூதியம் இல்லை. ஒரு மாதம் வேலை நிறைய வரும், மறுமாதம் வராது. நாட்கெடு நெருங்கினால் இராவிரவாக விழித்திருக்க வேண்டும். அதனால் படிப்பை விட்டுவிட்டு இதில் குதியுங்கள் என்று நான் எவருக்கும் சொல்லவில்லை. பல்கலைக்கழகத்தில் ஊடகக் கல்வி இருக்கிறது. வேறு பட்டம் படித்துக்கொண்டே இதைக் கைவரச் செய்யவும் முடியும்.

மூன்றாவதாக ஒரு கேள்வி நியாயமாகவே எழும். சுமித்ரா பெயர் பெற்ற குடும்பத்தில் பிறந்தவர், பாரிஸுக்கும் லண்டனுக்கும் போக முடிந்தவர். மீன்பிடியிலும் சிறு கடையிலும் பிழைக்கும் தீவுக் குடும்பத்துப் பிள்ளைக்கு அவர் எப்படி உதாரணமாவார்? உண்மைதான், அவருக்குக் கிடைத்த கதவுகள் நமக்கு இல்லை. ஆனால் அவருக்குத் தேவைப்பட்ட கருவிகள் பெரிய ஸ்டூடியோவில் மட்டுமே இருந்தன. இன்று 'டாவின்சி ரிசோல்வ்' போன்ற மென்பொருளைக் காசில்லாமலே பதிவிறக்கலாம். படங்களைத் தொகுக்கும் பெரிய நிறுவனங்களும் அதே மென்பொருளின் விலை கொடுத்து வாங்கும் வடிவத்தைப் பயன்படுத்துகின்றன. ஒரு காலத்தில் உம்மாமார் தையல் இயந்திரம் ஒன்று வாங்கிக் கொடுத்தால் பிள்ளை பிழைத்துக்கொள்வாள் என்று நம்பினார்கள். அந்த நம்பிக்கையில் ஒரு பங்கை ஒரு நல்ல கணினிக்கும் கொடுக்கலாம்.

சுமித்ராவின் பிற்காலம் இன்னொரு பாடத்தையும் தருகிறது. 1978இல் அவர் இயக்கிய முதற் படம் 'கெஹெனு லமாய்'. பெயரின் பொருள் 'பெண் பிள்ளைகள்'. ஒரு கிராமத்துப் பள்ளி மாணவியின் மனத்தைப் பற்றிய படம் அது. தொடர்ந்து 'கங்கா அத்தர' (1980), 'யஹலு யெஹெலி' (1982) எனப் பல படங்களை இயக்கினார். பின்னாளில் பிரான்ஸுக்கான இலங்கைத் தூதுவராகவும் பணியாற்றினார். தொகுப்பு மேசையில் அமர்ந்து மற்றவரின் காட்சிகளைப் பல ஆண்டுகள் நுணுகிப் பார்த்தவர், தமது காட்சி எப்படி இருக்க வேண்டும் என்பதை அங்கேயே கற்றுக்கொண்டிருப்பார் என்று நான் நம்புகிறேன்.

அதே 1978இல்தான் நமது நெடுந்தீவைக் களமாகக் கொண்ட செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று' நாவலும் திரைப்படமாக வந்தது. அதைப் பார்த்த பெரியவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால் கேட்டுப் பாருங்கள். எழுதியவரின் பெயரைச் சொல்வார்கள். நடித்தவர்களில் ஓரிருவரைச் சொல்வார்கள். தொகுத்தவர் யார் என்று கேட்டால் உங்களை ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். அந்தக் கேள்வியைக் கேட்கும் பழக்கம் நமக்கு இருந்ததே இல்லை.

பழக்கத்தை எங்கேயாவது தொடங்க வேண்டும். நமது கல்லூரியிலிருந்தே தொடங்கலாம் என்பது எனது கோரிக்கை. விளையாட்டுப் போட்டிக்கும் மீலாத் விழாவுக்கும் பரிசளிப்பு விழாவுக்கும் மாணவிகள் காணொளி தயாரிக்கிறார்கள். இரவு முழுவதும் விழித்திருந்து வெட்டி ஒட்டுகிறவள் ஒருத்தி. மேடையில் நன்றியுரையில் வருவது எல்லோருடைய பெயரும், அவளுடையதைத் தவிர. இனிமேல் எமது ஒவ்வொரு காணொளியின் முடிவிலும் "தொகுப்பு" என்று ஒரு வரி இருக்கட்டும். அதற்குப் பக்கத்தில் அவளுடைய முழுப்பெயரும் வகுப்பும் இருக்கட்டும். அவளுக்கு முகம் காட்ட விருப்பமில்லையென்றால் காட்ட வேண்டாம். பெற்றோரே, வீட்டில் உங்கள் மகள் கைபேசியில் எதையோ வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தால், "இன்னும் படுக்கலையா?" என்று கேட்பதற்கு முன், "எதை விட்டாய், எதை எடுத்தாய், ஏன்?" என்று ஒரு முறை கேட்டுப் பாருங்கள். அவளுக்கு அதற்குப் பதில் தெரிந்திருந்தால், அவள் ஏற்கெனவே ஒரு தொழிலைக் கற்றுக்கொண்டிருக்கிறாள்.